கூகுளில் வருகிறதே, அப்படியானால் உண்மைதானா?

"நம்பவில்லை என்றால் நீங்களே கூகுளில் தேடிப் பாருங்கள்."

வாட்ஸ்அப்பில் வரும் வியப்பூட்டும் செய்திகள் பலவற்றின் கடைசி வரி இதுதான். முன்பெல்லாம் ஒரு செய்திக்கு ஆதாரமாக ஒரு பத்திரிகையின் பெயரையோ ஒரு பேராசிரியரின் பெயரையோ சொல்வார்கள். இப்போது ஒரு தேடல் சொற்றொடரையே ஆதாரமாகத் தந்துவிடுகிறார்கள். 'ஆது கூட்டத்தின் எலும்புக்கூடு' என்று தட்டினால் படங்கள் வரிசையாக வருகின்றன. 'மோமோ சவால்' என்று பிள்ளை தட்டினால் நடுங்க வைக்கும் ஒரு முகம் வருகிறது. திரையில் வந்துவிட்டதால் வாப்பாவும் நம்புகிறார், பிள்ளையும் நம்புகிறது.

எதைத் தேடினாலும் ஏதாவது ஒன்று வரத்தான் செய்யும். வருகின்ற பக்கங்கள் எதற்கு ஆதாரம், எதற்கு ஆதாரம் ஆகாது என்பதுதான் கேள்வி. இக்கட்டுரையில் சில சொற்றொடர்களை எடுத்துக்கொண்டு அவற்றின் வேர் வரை சென்று பார்ப்போம். அவற்றின் பின்னால் என்ன இருந்தது என்று தெரிந்துகொண்டால், நாளை வரும் புதிய சொற்றொடரை நம் வீட்டிலேயே சோதித்துக்கொள்ள முடியும், இன்ஷா அல்லாஹ்.

தேடுபெட்டி ஏன் முந்திக்கொண்டு சொல்கிறது?

நாம் இரண்டு எழுத்து தட்டுவதற்குள் மீதியைத் தேடுபெட்டி தானே நிரப்பிக் காட்டுகிறது. கூகுள் இந்த வசதியை 2004 டிசம்பரில் சோதனையாக அறிமுகப்படுத்தியது. இந்தப் பரிந்துரைகள் பெரும்பாலும் மற்றவர்கள் ஏற்கெனவே தேடிய சொற்களிலிருந்து வருகின்றன. நம் மொழி, நாம் இருக்கும் ஊர், இப்போது பரபரப்பாகத் தேடப்படுபவை ஆகியவையும் கணக்கில் சேர்கின்றன. அந்தச் செய்தி மெய்யா பொய்யா என்ற சோதனை இங்கே நடப்பதில்லை. ஆயிரம் பேர் சந்தேகப்பட்டுத் தேடினாலும், ஆயிரம் பேர் நம்பித் தேடினாலும், பெட்டியில் தோன்றும் வரி ஒன்றுதான்.

அடுத்து என்ன நடக்கிறது என்று பாருங்கள். ஒரு புரளி கிளம்புகிறது. மக்கள் தேடுகிறார்கள். அந்தச் சொற்றொடர் பரிந்துரையில் ஏறுகிறது. விளம்பர வருமானத்துக்காக இணையதளம் நடத்துவோர், எந்தச் சொற்கள் அதிகம் தேடப்படுகின்றன என்பதைப் பார்த்து அதே தலைப்பில் பக்கங்களை உருவாக்கிக் குவிக்கிறார்கள். இப்போது தேடினால் பக்கம் பக்கமாக வருகிறது. அதைப் பார்ப்பவர் "இத்தனை பேர் எழுதியிருக்கிறார்களே" என்று நம்பி அடுத்த குழுவுக்கு அனுப்புகிறார்.

புதிதாகக் கிளம்பும் சொற்றொடர்களில் இந்த ஆபத்து இன்னும் அதிகம். அவற்றைப் பற்றிப் பொறுப்பானவர்கள் யாரும் அதுவரை எதுவும் எழுதியிருக்க மாட்டார்கள். புரளியைக் கிளப்பியவர் எழுதியது மட்டுமே இணையத்தில் இருக்கும், தேடுபொறியும் அதையே கொண்டுவந்து காட்டும். மைக்கேல் கோலபியோவ்ஸ்கி, டேனா பாய்ட் என்ற இரு ஆய்வாளர்கள் 2018இல் இந்த நிலைக்குத் 'தரவு வெற்றிடம்' என்று பெயர் வைத்தார்கள்.

பின்னால் எதுவுமே இல்லாத சொற்கள்

சில சொற்றொடர்களுக்குப் பின்னால் ஒன்றுமே இருப்பதில்லை. 'வெஜிடேட்டிவ் எலக்ட்ரான் மைக்ரோஸ்கோபி' என்ற சொல் ஆய்வுக் கட்டுரைகள் பலவற்றில் வந்திருக்கிறது. எலக்ட்ரான் நுண்ணோக்கியில் அப்படி ஒரு வகை உலகத்தில் எங்கும் கிடையாது. 1950களில் வெளிவந்த ஓர் அறிவியல் இதழைப் பிற்காலத்தில் கணினியில் ஏற்றியபோது, அடுத்தடுத்த இரண்டு பத்திகளைக் கணினி ஒரே வரியாகப் படித்துவிட்டது. இடப்பக்கப் பத்தியிலிருந்து 'வெஜிடேட்டிவ்', வலப்பக்கப் பத்தியிலிருந்து 'எலக்ட்ரான் மைக்ரோஸ்கோபி' என இரண்டும் ஒட்டிக்கொண்டன.

ஈரானில் எழுதப்பட்ட சில கட்டுரைகளில் இதே சொல் வந்ததற்கு இன்னொரு காரணம் சொல்லப்படுகிறது. மதரஸாவில் அரபு எழுத்துகள் படித்த நம் பிள்ளைகளுக்கு இது உடனே புரியும். பார்சி மொழியில் 'ஸ்கேனிங்' என்பதற்கான சொல்லுக்கும் 'வெஜிடேட்டிவ்' என்பதற்கான சொல்லுக்கும் ஒரே ஒரு புள்ளிதான் வித்தியாசம். ஒன்றில் 'பா', மற்றதில் 'யா'. 'ஸ்கேனிங் எலக்ட்ரான் நுண்ணோக்கி' என்பது உண்மையிலேயே உள்ள கருவி. ஒரு புள்ளி கூடியதால் இல்லாத கருவி ஒன்று பிறந்துவிட்டது. பிறகு செயற்கை நுண்ணறிவுச் செயலிகளும் இந்தச் சொல்லைக் கற்றுக்கொண்டு எழுதத் தொடங்கின.

2025 ஏப்ரலில் இன்னொரு வேடிக்கை நடந்தது. பேட்ஜர் என்ற விலங்கை இரண்டு முறை நக்க முடியாது என்று பொருள்படும் ஒரு வாக்கியத்தை ஆங்கிலத்தில் ஒருவர் சும்மா இட்டுக்கட்டி, அதன் பொருள் என்ன என்று கூகுளில் கேட்டார். ஒருமுறை ஏமாந்தவரை மறுபடியும் ஏமாற்ற முடியாது என்பது அந்தப் பழமொழியின் கருத்து என்று கூகுளின் செயற்கை நுண்ணறிவு விளக்கம் தந்தது. அப்படியொரு பழமொழியே இல்லை. கேட்டால் ஏதாவது பதில் சொல்ல வேண்டும் என்று உருவாக்கப்பட்ட இயந்திரம் "இப்படி ஒன்றும் இல்லை" என்று சொல்லத் தடுமாறுகிறது. பாடத்துக்கும் மார்க்கச் சந்தேகத்துக்கும் இதனிடம் கேட்டுப் பழகும் பிள்ளைகள் உள்ள வீடுகளில் இந்த ஒரு நிகழ்ச்சியையாவது சொல்லி வைப்பது நல்லது.

இதற்கு நேர்மாறாக, குப்பை போலத் தெரியும் வரி உண்மையான தமிழாக இருப்பதும் உண்டு. ஆங்கில எழுத்துகளும் அரைப்புள்ளிகளும் கலந்து குழப்பமாக ஒரு வரி கண்ணில் பட்டால், அதை ரகசியக் குறியீடு என்று எண்ணிப் பயப்பட வேண்டாம். பாமினி போன்ற பழைய எழுத்துருவில் தட்டச்சு செய்த தமிழ், அந்த எழுத்துரு இல்லாத கணினியில் அப்படித்தான் தெரியும். யூனிகோடு மாற்றியில் இட்டால் திருமண அழைப்பிதழோ பழைய துண்டுப் பிரசுரமோ தெளிவாக வந்துவிடும்.

ஆது கூட்டத்தின் எலும்புக்கூடு

நம் சமுதாயத்தில் மிகவும் பரவிய சொற்றொடர் இது. பள்ளத்தில் கிடக்கும் பிரம்மாண்டமான மனித எலும்புக்கூடு, அருகில் எறும்பு போல ஒரு மனிதர். சவூதி அரேபியாவின் தென்கிழக்குப் பாலைவனத்தில் அராம்கோ நிறுவனம் எரிவாயு தேடித் தோண்டியபோது கிடைத்தது என்றும், நபி ஹூத் (அலை) அவர்களின் சமுதாயமான ஆது கூட்டத்தாரின் உடல் என்றும், ராணுவம் அந்த இடத்தை அடைத்துவிட்டது என்றும் 2004 வாக்கில் செய்தி பரவியது.

இந்தப் படத்தின் வேரைத் தேடிச் சென்றவர்கள் கண்டது வேறு. 2002இல் ஓர் இணையதளம் படங்களை வெட்டி ஒட்டிப் புதுமை செய்வோருக்கான போட்டி ஒன்றை நடத்தியது. தொல்லியல் அதிசயங்கள் என்பது தலைப்பு. 'அயர்ன்கைட்' என்ற புனைபெயரில் கனடா நாட்டு ஓவியர் ஒருவர் ஃபோட்டோஷாப்பில் இந்தப் படத்தை உருவாக்கி அனுப்பி, மூன்றாம் பரிசும் பெற்றார். படத்தில் உள்ள பள்ளம் உண்மையானதுதான். அது அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில் ஹைட் பார்க் என்ற ஊரில் இருக்கிறது. யானைக்கு உறவான, அழிந்துபோன மாஸ்டடான் என்ற விலங்கின் எலும்புகளை கார்னெல் பல்கலைக்கழகத்தினர் 2000ஆம் ஆண்டு அங்கே தோண்டி எடுத்தார்கள். அப்போது மேலிருந்து எடுத்த படத்தில் மனித எலும்புக்கூட்டைப் பெரிதாக்கி ஒட்டியிருந்தார் அந்த ஓவியர்.

இதே படம் 2007இல் இந்தியாவில் ஓர் இந்து மாத இதழில் வெளிவந்தது. வட இந்தியாவில் நேஷனல் ஜியாகிரபிக் குழுவினர் ராணுவத்தின் துணையோடு கண்டெடுத்தது என்றும், மகாபாரதத்து கடோத்கஜனோடு தொடர்புடையது என்றும் அதில் சொல்லப்பட்டது. ஒரே படத்தை ஒருவர் ஆது கூட்டம் என்றார், மற்றவர் கடோத்கஜன் என்றார். இரு பக்கத்தாரும் தத்தம் நம்பிக்கைக்கு ஆதாரம் கிடைத்ததாக மகிழ்ந்தார்கள். விசாரித்து வந்த கடிதங்களைப் பார்த்து, நேஷனல் ஜியாகிரபிக் அதே ஆண்டு டிசம்பரில் இது போலிப் படம் என்று செய்தியே வெளியிட வேண்டியதாயிற்று.

படத்தைப் பார்த்த மாத்திரத்தில் சந்தேகம் எழுப்பும் ஒரு கணக்கும் உண்டு. ஒரு மனிதனின் உயரத்தை அதே அமைப்பில் 10 மடங்காக்கினால் அவனது எடை 1000 மடங்காகும். எலும்பின் குறுக்குவெட்டுப் பரப்போ 100 மடங்குதான் கூடும். அப்படியானால் ஒவ்வொரு எலும்பும் முன்பைவிட 10 மடங்கு அதிகச் சுமையைத் தாங்க வேண்டும். பெரிய உடலுக்கு ஒப்பீட்டளவில் மிகத் தடித்த எலும்பு வேண்டும் என்பதை கலிலியோ 1638இல் வெளியிட்ட நூலிலேயே விளக்கிவிட்டார். யானையின் காலையும் மானின் காலையும் பாருங்கள், விளங்கும். அந்தப் படத்திலோ நம்மைப் போன்ற சாதாரண மனிதனின் எலும்புதான் அப்படியே பெரிதாக்கப்பட்டிருக்கிறது.

ஆது கூட்டத்தாரைப் பற்றி அல்குர்ஆன் சொல்வதை ஏற்க நமக்கு இந்தப் படம் தேவையில்லை. பொய்யான சான்றைக் கொண்டு உண்மையைத் தாங்கிப் பிடிக்க முயன்றால் என்ன நேரும் என்பதையும் யோசிக்க வேண்டும். வாப்பா காட்டிய படம் ஃபோட்டோஷாப் வேலை என்று கல்லூரிக்குப் போன பிள்ளை ஒருநாள் கண்டுபிடிக்கும். அன்றைக்கு அந்தப் பிள்ளை படத்தை மட்டுமா சந்தேகப்படும்? வாப்பா சொன்ன மற்றவற்றையும் சேர்த்துத்தான் சந்தேகப்படும்.

நிலவில் பாங்கு

'நீல் ஆம்ஸ்ட்ராங் இஸ்லாம்' என்று தேடினால் இன்றும் ஏராளமாக வரும். நிலவில் பாங்கு சத்தம் கேட்டார், பின்னர் எகிப்தில் அதே ஓசையைக் கேட்டு இஸ்லாத்தைத் தழுவினார், இப்போது லெபனானில் வாழ்கிறார் என்பது கதை. நிலவில் காற்று இல்லை, ஆகவே ஒலி பரவ வழியில்லை. அதைவிட முக்கியமாக, ஆம்ஸ்ட்ராங்கே இதை மறுத்துவிட்டார். 1983 மார்ச்சில் அமெரிக்க வெளியுறவுத்துறை முஸ்லிம் நாடுகளில் உள்ள தன் தூதரகங்களுக்கெல்லாம் அவரது மறுப்பைத் தெரிவித்துச் செய்தி அனுப்பியது.

லெபனான் எங்கிருந்து வந்தது? ஆம்ஸ்ட்ராங் பல ஆண்டுகள் லெபனான் என்ற ஊரில் வாழ்ந்தது உண்மை. அந்த லெபனான் அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்தில் இருக்கிறது. ஊர்ப் பெயர் மெய், நாடு பொய். குழப்பும் சொற்றொடர்கள் பலவற்றில் இப்படி ஒரு துளி மெய் கலந்திருக்கும். ஒரு துளி சரியாக இருப்பதைப் பார்த்தவுடன் முழுவதும் சரி என்று முடிவு கட்டிவிடுகிறோம்.

உயிரோடு விளையாடும் சொற்கள்

இதுவரை பார்த்தவற்றில் மானம்தான் போகும். பிள்ளைகளைப் பற்றிய அச்சமூட்டும் சொற்றொடர்களில் நிலைமை வேறு.

2017இல் 'புளூ வேல்' என்ற சொல் இந்தியா முழுவதும் வீடுகளைக் கலங்கடித்தது. 50 நாள், 50 கட்டளைகள், கடைசிக் கட்டளை உயிரை மாய்ப்பது என்றார்கள். மும்பையில் ஒரு சிறுவனின் மரணமும் மதுரைப் பகுதியில் ஒரு கல்லூரி மாணவரின் மரணமும் அதனுடன் தொடர்புபடுத்திப் பேசப்பட்டன. அந்த ஆகஸ்டில் மத்திய அரசு கூகுள், ஃபேஸ்புக், வாட்ஸ்அப் முதலிய நிறுவனங்களுக்கு அதன் இணைப்புகளை நீக்கச் சொல்லிக் கடிதம் எழுதியது. சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தானாக முன்வந்து வழக்கை எடுத்தது.

இதன் வேர் ரஷ்யாவில் இருக்கிறது. 2016 மே மாதம் நோவயா கஸேட்டா என்ற பத்திரிகை, விகே என்ற சமூக வலைத்தளத்தில் இளம் பிள்ளைகளை மரணத்துக்குத் தூண்டும் குழுக்கள் இருப்பதாக எழுதியது. அப்படிப்பட்ட குழுக்கள் இருந்தது உண்மை. தூண்டிய குற்றத்துக்காக ஓர் இளைஞர் 2016 நவம்பரில் கைதாகி, 2017 ஜூலையில் 3 ஆண்டு 4 மாதச் சிறைத் தண்டனையும் பெற்றார். ஆனால் அந்தப் பத்திரிகை சொன்ன பெரும் மரண எண்ணிக்கையை அந்தக் குழுக்களோடு இணைக்கும் சான்று இல்லை என்று மற்ற பத்திரிகையாளர்கள் அப்போதே சுட்டிக்காட்டினார்கள். எல்லைகள் கடந்து பரவும் ஒரு 'விளையாட்டுச் செயலி' என்ற வடிவம், செய்தி நாடு விட்டு நாடு போகும்போது ஒட்டிக்கொண்டது.

இந்தியாவில் கணினி அவசரகால நடவடிக்கைக் குழுவின் தலைமை இயக்குநர் தலைமையில் ஒரு குழு அமைக்கப்பட்டது. மரணமடைந்தவர்களின் கைப்பேசி, இணையப் பயன்பாடு, அழைப்புப் பதிவுகள், சமூக வலைத்தள நடவடிக்கைகள் அனைத்தையும் அக்குழு ஆராய்ந்தது. எந்த ஒரு சம்பவத்திலும் புளூ வேல் விளையாட்டின் பங்கை உறுதி செய்ய முடியவில்லை என்று 2018 ஜனவரியில் அரசு நாடாளுமன்றத்தில் பதில் அளித்தது. அச்சத்தைப் பரப்பிய அளவுக்கு இந்தப் பதில் பரவவில்லை.

இதில் இழப்பு என்ன? ஒரு பிள்ளை மனம் உடைந்துபோவதற்குத் தேர்வுத் தோல்வி, வீட்டுச் சண்டை, கேலி, மனச்சோர்வு என்று பல காரணங்கள் இருக்கலாம். 'புளூ வேல்' என்ற ஒரே பெயரைச் சூட்டியதும் அந்தக் காரணங்களைத் தேடுவது நின்றுபோகிறது. கைப்பேசியைப் பிடுங்கிவிட்டால் ஆபத்து நீங்கியது என்று நாமும் நிம்மதி அடைந்துவிடுகிறோம்.

'மோமோ சவால்' இன்னும் தெளிவான பாடம். பிதுங்கிய கண்களும் பிளந்த வாயும் கொண்ட அந்த முகம், கெய்சுகே ஐசோ என்ற ஜப்பானியக் கலைஞர் செய்த ஒரு சிற்பம். 2016இல் டோக்கியோவில் பேய் உருவங்களின் கண்காட்சி ஒன்றில் வைக்கப்பட்டது. பார்க்க வந்தவர்கள் எடுத்த படங்கள் இணையத்தில் பரவின. 2018இல் அந்தப் படத்தோடு ஒரு மரணச் சவால் கதை சேர்ந்துகொண்டது. 2019 பிப்ரவரியில் இங்கிலாந்தின் ஒரு சிற்றூர் ஃபேஸ்புக் குழுவில் வந்த எச்சரிக்கைப் பதிவு சில நாட்களில் நாடு முழுவதும் பரவியது. பள்ளிகள் பெற்றோருக்கு எச்சரிக்கை அனுப்பின.

அங்குள்ள குழந்தைப் பாதுகாப்பு அமைப்புகள் விசாரித்தபோது, இந்தச் சவாலால் எந்தப் பிள்ளையும் தீங்கடைந்ததற்குச் சான்று கிடைக்கவில்லை. பெற்றோரிடமிருந்து வந்ததைவிடப் பத்திரிகைகளிடமிருந்து வந்த அழைப்புகளே தங்களுக்கு அதிகம் என்று ஓர் அமைப்பு சொன்னது. பல பிள்ளைகள் அந்த முகத்தை முதன்முதலில் பார்த்ததே பெரியவர்களின் எச்சரிக்கையில்தான். அந்தச் சிற்பமோ நாளடைவில் சிதைந்து, 2018இலேயே தூக்கி எறியப்பட்டுவிட்டது என்று ஐசோ பின்னர் தெரிவித்தார். ஊரே பயந்துகொண்டிருந்த நேரத்தில் பொருளே இல்லை.

வீட்டில் எப்படிச் சோதிப்பது?

1. சொற்றொடரை மேற்கோள் குறிகளுக்குள் இட்டுத் தேடுங்கள். அதே சொற்கள் அதே வரிசையில் உள்ள பக்கங்கள் மட்டும் வரும். தேடல் கருவிகளில் கால வரம்பைக் குறுக்கி, மிகப் பழைய பக்கம் எது என்று பாருங்கள். முதலில் சொன்னவர் யார் என்பதே பாதி விடை.

2. வந்த பக்கங்களில் யார், எங்கே, எப்போது என்ற மூன்றும் இருக்கிறதா என்று பாருங்கள். பத்துப் பக்கங்களிலும் வரிக்கு வரி ஒரே வாசகம் இருந்தால் அவை பத்துச் சாட்சிகள் ஆகா. ஒரே சாட்சியின் பத்து நகல்கள்.

3. படம் இருந்தால் சொற்களை விட்டுவிட்டுப் படத்தைத் தேடுங்கள். கூகுள் லென்ஸ், டின்ஐ ஆகியவற்றில் படத்தை ஏற்றினால் அது முன்பு எங்கெல்லாம் வந்தது என்று தெரியும். டின்ஐயில் பழையதிலிருந்து வரிசைப்படுத்தியும் பார்க்கலாம்.

4. சம்பவம் நடந்ததாகச் சொல்லும் ஊரின் மொழியில் தேடுங்கள். சவூதியில் கண்டெடுத்த எலும்புக்கூடு அரபுப் பத்திரிகைகளில் வராமல் தமிழில் மட்டும் வருமா? நம்மில் அரபு தெரிந்த ஆலிம்களும் வளைகுடாவில் வேலை செய்யும் உறவினர்களும் இருக்கிறார்கள். கேட்கலாம்.

5. தெரிந்திருக்க வேண்டியவர்கள் என்ன சொல்கிறார்கள் என்று பாருங்கள். கண்டுபிடித்ததாகச் சொல்லப்படும் நிறுவனம், அரசின் பதில்கள், பிஐபியின் உண்மைச் சரிபார்ப்புப் பிரிவு, யூடர்ன் போன்ற தமிழ்த் தளங்கள் இவற்றில் தேடினால் பெரும்பாலும் விடை கிடைத்துவிடும்.

6. செயற்கை நுண்ணறிவு தரும் பதிலைச் சான்றாக எடுக்க வேண்டாம். எந்தப் பக்கத்திலிருந்து சொல்கிறது என்று கேட்டு, அந்தப் பக்கத்தைத் திறந்து நீங்களே படியுங்கள். அப்படி ஒரு பக்கமே இல்லை என்றால் விடை தெரிந்துவிட்டது.

7. எல்லாம் செய்தும் தெளிவு கிடைக்கவில்லை என்றால், 'தெரியவில்லை' என்ற நிலையில் நிறுத்திவிடுங்கள். அதை யாருக்கும் அனுப்பாதீர்கள்.

இந்த முறை நமக்குப் புதிதல்ல. ஒரு ஹதீஸ் காதில் விழுந்தால் யார் சொன்னார், அவருக்கு யார் சொன்னார் என்று அறிவிப்பாளர் தொடரை ஒவ்வொருவராகப் பின்னோக்கிச் சோதித்தவர்கள் நம் முன்னோர்கள். ஒரே ஒரு செய்தியைச் சரிபார்ப்பதற்காக மாதக்கணக்கில் பயணம் செய்தவர்களும் அவர்களில் இருந்தார்கள். வரும் செய்தியை விசாரித்துத் தெளியுமாறு அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் 6வது வசனம் நமக்குக் கட்டளையிடுகிறது. அவர்கள் ஒட்டகத்தில் போய்ச் செய்ததை நாம் உட்கார்ந்த இடத்தில் ஐந்து நிமிடத்தில் செய்யலாம்.

கடைசியாகப் பெற்றோருக்கு ஒரு வார்த்தை. பிள்ளையின் தேடல் வரலாற்றில் விபரீதமான ஒரு சொற்றொடரைக் கண்டால், உடனே கைப்பேசியைப் பறித்துச் சத்தம் போடாதீர்கள். பள்ளியில் யாரோ சொன்னதைக் கேட்டு, அது என்னவென்று அறிய அந்தப் பிள்ளை தேடியிருக்கலாம். "இதை எங்கே கேள்விப்பட்டாய்? வா, என்னவென்று சேர்ந்து பார்ப்போம்" என்று உம்மாவோ வாப்பாவோ பக்கத்தில் உட்கார்ந்தால், அடுத்த முறை பிள்ளை தானே வந்து கேட்கும். தேடல் சொல்லுக்குப் பின்னால் விளையாட்டு எதுவும் இல்லாமல், பிள்ளையின் சொந்த வேதனையே இருப்பதாகத் தெரிந்தால் தாமதிக்காமல் மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். இந்தியாவில் 14416 என்ற டெலி மானஸ் எண்ணில் எந்த நேரமும் மனநல ஆலோசனை இலவசமாகக் கிடைக்கும்.